கனம் திரும்பும் நேரம்

எங்கள் வானத்தில் மூன்று நிலாக்கள்.
இரண்டைப் பார்க்கலாம்.
மூன்றாவதை நிறுத்துத்தான் அறியலாம்.

ஹிமேர் என்று பெயர்.
ஒளியில்லை, விளிம்பில்லை.
ஏதோவொரு விண்மீன் காரணமின்றி அணைந்து
சற்று நேரத்தில் ஒன்றும் நடவாததுபோல் எரிந்தால்
குறுக்கே நடக்கிறது என்று கணக்கு.
பதினோரு ஆண்டுக்கு ஓர் இரவு
வாஸ்கெல் கணவாய்க்கு நேர்மேலே வந்து நிற்கும்.
இரண்டே நாழிகை.
மண் தன் பிடியைத் தளர்த்தும்.

தட்டுத் தராசுக்கு இது தெரியாது.
உப்பும் படிக்கல்லும் கூடவே இளைக்கும்;
பொய் இருபுறமும் சமமென்றால் முள் அசையாது.
ஆகவே சுங்கச்சாவடியில் வில்தராசு,
கொக்கியில் எப்போதும் ஒரே இரும்புக்குண்டு,
அதன் முன்னால் நான், ஓஸ்மெத்.
முள் இறங்கினால் முரசில் ஓர் அடி.
ஏறத் தொடங்கினால் மூன்று.

அன்றிரவு வாங்கல் விற்றல் கூடாது.
முன்பு ஒருவன் அந்த நேரத்தில் எடைபோட்டு
மலையளவு உப்பை மடியளவு காசுக்கு வாங்கினான்.
அவன் பேரன்தான் இந்தச் சட்டத்தைப் போட்டது.

முதல் அடி.
ஊரே சுமக்கத் தொடங்கியது.
ஆலைக்கல், படகு, மணிக்கூண்டுக்கு வெண்கல மணி.
கால் முறிந்த எருதைத் தோளில் போட்டபடி
கசாப்புக்காரன் ரூக்தான்;
வெட்டவா வைத்தியத்துக்கா, நான் கேட்கவில்லை.
எல்லாம் மேட்டுக்கு,
மேட்டுக்கு அப்பாலுள்ள ஏரிக்கு.
அடுப்புப் புகை போவதா இருப்பதா என்று நின்றது.
கஞ்சி கரண்டியைவிட்டு இறங்க மனமில்லாமல் இறங்கியது.
வாசல் தூணில் கயிற்றால் கட்டிய பிள்ளைகள்
எழும்பி எழும்பிச் சிரித்தன.

அப்போதுதான், எதிர்த்திசையில்,
ஒரே ஒருத்தி.

முதுகில் நடுகல்.
எண்ணெய்க்காரி இத்ருவே.
ஏறுகிறவர்கள் வைதார்கள், ஒதுங்கினார்கள்.
ஹிமேர் கனத்தைத்தான் எடுத்துப்போகும்,
பிடிவாதத்தை விட்டுவிட்டுப் போகும்:
சரிவில் ஓடத் தொடங்கிய கல்
எடை குறைந்தாலும் ஆளை நசுக்கும்.
குதிகாலை ஊன்றி ஊன்றி,
முரட்டுக் கழுதையை இழுத்துப் பிடிப்பவள்போல் வந்தாள்.

"வரி உண்டா?"
"ஏற்றினால் உண்டு. இறக்குவதற்கு விதி எழுதவில்லை."
"எழுதாதே," என்றாள்.

போன முறை அதை மேலே கொண்டுபோனவளும் அவள்தான்.
உப்பு வண்டிகளோடு போய்த் திரும்பாத தம்பிக்கு.
தெஃபோர் என்று அவளே கொத்தினாள்,
எழுத்து சற்றுக் கோணல்.
சென்ற பனிக்காலத்தில் அவன் திரும்பிவிட்டான்,
இரண்டு பல் குறைவாக,
ஒரு மனைவியும் மூன்று ஆடுகளும் கூடுதலாக.
இவள் அழுததைப்பற்றி ஒன்றும் கேட்கவில்லை.
மேட்டைக் காட்டி, யாருடைய கல் அது, என்றானாம்.

"கொண்டுபோய் என்ன செய்வாய்?"
"அவன் வாசலில் படியாகப் போடுவேன்.
தினமும் மிதிக்கட்டும்."

முள் நடுங்கியது.
நான் முரசுக்கோலை எடுத்தேன்.
அவளுக்கு இன்னும் நூறடி வேண்டும்.
கோலைப் பிடித்தபடி நின்றேன்,
நான் அடிக்காவிட்டால் ஹிமேர் காத்திருக்கும் என்பதுபோல்.
மேலே மணியைத் தூக்கிக்கொண்டிருப்பவர்கள் நினைவுக்கு வந்தார்கள்.
அடித்தேன். ஒன்று. இரண்டு.

மூன்றாவதற்குள் கனம் வந்துவிட்டது,
என் கைக்கு, கோலுக்கு, கண்ணிமைக்கு.
முழங்கால் மடிந்து, தோளைச் சரித்து,
சாவடி ஓரத்தில் கல்லை விட்டாள்.
அது தரைக்குள் ஒரு சாண் போனது.
அவள் முகத்தில் அதுவரை
இறங்காமல் தங்கியிருந்த நீரெல்லாம்
ஒரேயடியாக விழுந்தது.

பதிவேட்டில் எழுதினேன்:
இறக்கம், கல், ஒன்று.
எடைக்கான கட்டத்தில் என்ன போடுவது என்று தெரியவில்லை.

இனி பத்தாண்டுக்கு அதை அசைக்க ஆளில்லை.
தெஃபோர் ஆடுகளோடு தினமும் வருகிறான்.
தன் பெயர்மேல் உட்கார்ந்து வெங்காயம் தின்கிறான்.
அவனுக்கு எழுத்து தெரியாது.
அவளும் சொல்லவில்லை, நானும்.
ஆட்டுக்கு வரி அதிகம் என்று
எழுந்து வந்து சண்டை பிடிக்கிறான்.
அதிகம்தான்.